திருப்பாத மீன்

என் பெண்டாட்டி பாஞ்சாலை, தட்டில் மீனைத் திருப்பிப் போட்டுத் தின்ன விடமாட்டாள். மேல்பக்கத்தைத் தின்றதும் நடுமுள்ளை உருவிவிட்டு அடிப்பக்கத்தை அப்படியே தின்ன வேண்டும். மீனைக் கவிழ்த்தால் கடலில் படகு கவிழுமாம். பாகான் டத்தோ பக்கம், கடலோர மீனவர் கம்பத்தில் சீனர்களோடு சேர்ந்து வலை இழுத்த குடும்பம் அவளுடையது. அங்கே எல்லா வீட்டிலும் இதே சட்டம்தான்.

"இந்தத் தேயிலை மலையில எந்தப் படகு கவுறப் போகுது?" என்று நான் கேலி செய்வேன்.

"எங்கண்ணன் படகு கடல்ல கெடக்கு. பேசாம தின்னுங்க லா" என்பாள்.

அந்தப் படகை நம்பித்தான் நாங்கள் இருவரும் இருந்தோம். லோரியிலிருந்து விழுந்து என் இடுப்பு ஒடிந்ததிலிருந்து அவள்தான் விடியற்காலைப் பெரட்டில் நின்று பேர் கொடுத்துக் கொழுந்து வெட்டப் போகிறாள். வீட்டில் ஒருவராவது எஸ்டேட்டில் வேலை செய்தால்தான் இந்த லய வீட்டில் இருக்கலாம். குளிரில் அவள் விரல்கள் வெடித்துவிட்டன. கடல்காற்றில் வளர்ந்தவளை இங்கே கட்டிப்போட்டது என் இடுப்புதான் என்று நினைத்தால் எனக்கு என்மேலேயே எரிச்சல் வரும்.

அவள் அண்ணன் புனிதன்தான் வழி சொன்னான். "தீபாவளி முடிஞ்சதும் ரெண்டு பேரும் இங்க வந்துருங்க மாப்ள. நான் புடிச்சிட்டு வர்ற நெத்திலிய தங்கச்சி காய வைக்கட்டும். நீங்க உக்காந்துகிட்டே வலை பின்னலாம்."

அன்றே அவள் ஜன்னல் கம்பியில் பழைய வலைத்துண்டு ஒன்றைக் கட்டி எனக்கு முடிச்சுப் போடக் கற்றுக்கொடுத்தாள். எனக்கும் ஆசை பிடித்துக்கொண்டது. பள்ளத்தில் பனி ஏறினால் அவள் "தண்ணி ஏறுது" என்பாள். கடலைப் பார்த்தே இராத நானும் அப்படியே சொல்லத் தொடங்கினேன்.

நேற்றுச் சாயங்காலம் மீன் வேன் வந்தது. கெம்போங் மீன் வாங்கிப் பொரித்துக்கொண்டிருந்தாள். புனிதன் போன் செய்தான். கை எண்ணெயாக இருந்ததால் ஸ்பீக்கரில் போட்டாள்.

"படகை வித்துட்டேன் தங்கச்சி. கடல்ல மீனே இல்ல, டீசலுக்குக் கூடக் கட்டல. சிங்கப்பூருக்கு வேலைக்குப் போறேன்."

"அப்ப நாங்க?"

"இப்போதைக்கு அங்கயே இருங்கம்மா."

அவள் அடுப்பை அணைத்தாள். எனக்குச் சோறு போட்டு எதிரே உட்கார்ந்தாள். நான் ஒரு பக்கம் தின்று முடித்து, பழக்கத்தில் முள்ளை உருவக் கை வைத்தேன். அவள் கை நீட்டி என் தட்டிலிருந்த மீனைத் திருப்பிப் போட்டாள். பிறகு தன் மீனையும் திருப்பினாள்.

"எந்தப் படகு கவுறப் போகுது?" என்றாள்.

நான் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தேன்.

"சீக்கிரம் தின்னுங்க. விடிஞ்சா நான் பெரட்டுக்கு நிக்கணும்."