கூப்பாட்டு மேடு

அடையாறு கடலில் கலக்கும் இடத்தில், உடைந்த பாலத்துக்குக் கிழக்கே, ஒரு மணல்மேடு இருக்கிறது. அங்கே வந்து விழும் சத்தம் மணலுக்குள் இறங்கித் தங்கிவிடும். அடுத்த வருடத்து மணல் அதன்மேல் படியும். தோண்டியெடுத்துக் கடல் தண்ணீர் ஊற்றினால், நுரையோடு குரல் மேலே வரும். ஒரே ஒரு முறைதான். பிறகு அது வெறும் மணல்.

அதனால் குப்பத்துக்காரர்கள் அந்த மேட்டை மூச்சை அடக்கிக்கொண்டு கடப்பார்கள். மீன்கூடையோடு போகும் பெண்கள் மேடு வந்ததும் பாதிப் பேச்சில் நிறுத்தி, அந்தப் பக்கம் இறங்கியதும் விட்ட சொல்லிலிருந்து தொடர்வார்கள். இன்று பேசியதை என்றைக்காவது யாராவது ஊர் நடுவில் ஊற்றிக் கேட்டுவிட்டால்? அடக்கவே முடியாதவர்களின் குரல் மட்டும்தான் மேட்டுக்குள் இருந்தது.

ஏஞ்சலுக்கு இருபத்து மூன்று வயது. ஆடித் திருவிழாவில் நடக்கும் கட்டுமரப் போட்டியில் துடுப்புப் போட வேண்டும் என்பது அவள் ஆசை. தோழி அஸ்வினியோடு இரண்டு வருடமாக, விடியற்காலையில் அலை தாண்டிப் பழகியிருந்தாள். போட்டிக்கு இரண்டு நாள் முன்பு பெயர் கொடுக்கப் போனாள். வலை பின்னிக்கொண்டிருந்த குப்பத்துத் தலைவர் மாசிலாமணி நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"இந்தக் குப்பத்துல பொம்பள கடலுக்குப் போனதே கெடையாது. அலை ஒத்துக்காது."

"அலை உன்னாண்ட வந்து சொல்லிச்சா நைனா?"

சுற்றியிருந்த ஆண்கள் சிரித்தார்கள். மாசிலாமணியும் சிரித்தார். "போயிருக்கான்னு காட்டு. ஒரே ஒரு பொம்பள. உன் பேர மொதல் பேரா எழுதறேன்."

"மேட்டக் கேக்கட்டுமா?"

சிரிப்பு நின்றது. குப்பத்தில் எந்த வழக்குக்கும் மேடு சொல்வதே முடிவு. ஆனால் ஒருவருக்கு வாழ்நாளில் ஒரு சட்டி மணல்தான். அதில் குரல் இல்லாவிட்டால் அந்தப் பேச்சை மறுபடி எடுக்கக் கூடாது.

"கேளு. வெறும் மண்ணா போச்சுன்னா, சாவற வரைக்கும் நீ துடுப்பத் தொடக் கூடாது."

"சரி."

அடுத்த வீட்டுக் கெங்கம்மா மந்தைவெளியில் மீன் விற்றுவிட்டு வந்ததும் விஷயத்தைக் கேட்டுக் கூடையைப் பொத்தென்று வைத்தாள்.

"அறிவு கீதா உனுக்கு? ஒத்த சட்டிய வெச்சுக்கினு எந்த வருஷத்தத் தோண்டுவ? மேடு இன்னா காலண்டரா?"

ஏஞ்சலுக்கும் தெரியவில்லை. கெங்கம்மா கொஞ்ச நேரம் திட்டிவிட்டு, பிறகு குரலை இறக்கினாள்.

"எங்கம்மா ஒண்ணு சொல்லும். ஒரு வருஷம் ஐப்பசி வரைக்கும் முகத்துவாரம் தொறக்கவே இல்லியாம். மேடு பூரா கிளிஞ்சல் குவிஞ்சு கெடந்துச்சாம். அப்ப ஆம்பளைங்க எல்லாம் காய்ச்சல்ல படுத்துட்டாங்களாம். அப்ப மீனு எப்டி வந்துச்சும்மான்னு கேட்டா, வாய மூடிக்கும்."

மறுநாள் காலை குப்பமே மேட்டைச் சுற்றி நின்றது. ஒருவரும் வாய் திறக்கவில்லை. ஏஞ்சல் தோண்டினாள். சுனாமி கொண்டுவந்த கருமணல் வந்தது. அதற்கும் கீழே தோண்டினாள். கடைசியில் குப்புறப் படுத்து, தோள்வரை கையை உள்ளே விட்டாள். விரல்நுனியில் கிளிஞ்சல் கீறியது.

ஒரு சட்டி மணலோடு கீழே இறங்கி வந்து, கடல் தண்ணீரை ஊற்றினாள்.

நுரை வந்தது. காற்றின் இரைச்சல் வந்தது. எப்போதோ உடைந்த ஓர் அலை மறுபடி உடைந்தது. அவ்வளவுதான் போலிருந்தது. மாசிலாமணி துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு திரும்பினார்.

சட்டிக்குள்ளிருந்து ஓர் ஆண் குரல் கத்தியது. "ஏ கன்னியம்மா! வயித்துல எட்டு மாசப் புள்ளைய வெச்சுக்கினு எங்கடி போற? மரத்தத் திருப்புடி!"

அலைக்கு அப்பாலிருந்து ஒரு பெண் பதில் சொன்னாள். "புள்ளையே சும்மா கீது, உனுக்கு இன்னாய்யா வந்துச்சு? போ, கஞ்சி குடிச்சுட்டுப் படு! நான் வஞ்சிரத்தோட வர்றேன்!"

அவள் சிரித்தாள். நுரை அடங்கும்வரை அந்தச் சிரிப்பு கேட்டது.

எல்லாரும் மாசிலாமணியைப் பார்த்தார்கள். கன்னியம்மா மாசிலாமணியின் தாய். அவர் அவளுக்கு ஒரே பிள்ளை.

கெங்கம்மாவால்தான் அடக்க முடியவில்லை. "நைனா! பொறக்கறதுக்கு முன்னாடியே நீ கடலுக்குப் போயிட்டியே! அதுவும் பொம்பள ஓட்டுன மரத்துல!"

மாசிலாமணி சட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். ஈர மணலை அள்ளிக் காதில் வைத்துப் பார்த்தார். ஒன்றும் இல்லை.

"எங்கம்மா சிரிச்சு நான் கேட்டதே இல்ல," என்றார். முகத்தைத் துண்டால் துடைத்துக்கொண்டு, போட்டி நோட்டோடு நின்ற இளைஞனைப் பார்த்தார். "டேய் பாரத், நோட்டுல எழுது. மொதல் பேரு ஏஞ்சல்."

போட்டியில் ஒன்பது கட்டுமரங்கள். மற்ற எட்டும் முதல் அலையிலேயே பாய்ந்தன, மூன்று கவிழ்ந்தன. ஏஞ்சல் துடுப்பை அழுத்திக் காத்திருந்தாள். "இப்ப!" என்று அவள் கத்தியபோது, அஸ்வினியும் அவளும் நான்காவது அலையின் முதுகில் வழுக்கிக்கொண்டு போனார்கள். திரும்பி வரும்போது, இரண்டாவதாக வந்த பாரத்தின் மரம் ஒரு துடுப்பு நீளம் பின்னால் இருந்தது.

கரையில் குதித்த ஏஞ்சல் யாரிடமும் நிற்காமல் மேட்டின்மேல் ஓடினாள். பழக்கத்தில் எல்லாரும் மூச்சை அடக்கினார்கள். அவள் துடுப்பை உயர்த்தினாள்.

"நான் ஏஞ்சல்! அலை ஒத்துக்கிச்சு!"

மணல் அதை வாங்கிக்கொண்டது. அஸ்வினி ஓடி வந்து தன் பெயரைக் கத்தினாள். கெங்கம்மா மூச்சிரைக்க ஏறி வந்து, தன் பெயரோடு பிடிக்காத நாலு பேரின் பெயரையும் சேர்த்துக் கத்தினாள். குப்பத்துப் பெண்கள் ஒவ்வொருவராக ஏறினார்கள்.

கடைசியாக மாசிலாமணி வந்தார். அறுபது வருடம் மூச்சை அடக்கிக் கடந்த மேட்டில் நின்று தொண்டையைச் செருமினார்.

"கன்னியம்மா புள்ள மாசிலாமணி!"