சோறு எந்தப் பக்கம்

கொரியாவில், போஹாங் துறைமுகத்துக்கு மேலே, என் எதிர்வீட்டு மல்சூனின் வீட்டில் அன்று படப்பிடிப்பு. படம் என்றதும் பெரிதாக நினைத்துவிடாதீர்கள், கண்ணுகளா. மொத்தமே ஒன்பது நிமிடம். அவள் மகள் தாஹே எடுத்தாள். கேமராவுக்கு அவளோடு வேலை பார்க்கும் ஹ்யோக். நடிப்பதற்கு மல்சூனேதான். முள்ளங்கி சூப் வைத்துக் கொடுத்தது நான்.

தாஹேயின் அப்பா கணவாய் மீன் பிடிக்கக் கடலுக்குப் போய்ப் பதினோரு வருடம். படகும் கிடைக்கவில்லை, ஆளும் கிடைக்கவில்லை. மல்சூன் ஒரு வருடம்கூட அவருக்குப் படையல் வைத்ததில்லை. மகளுக்கு அது பொறுக்கவில்லை. அப்பாவுக்காக அழுது தீர்க்க ஒரு நாளாவது வேண்டும் என்பாள். அதைத்தான் படமாக்கினாள்.

வசனமே கிடையாது. கடைசிக் காட்சியில் அம்மா, அப்பாவின் இடத்தில் சோறும் சூப்பும் வைக்க வேண்டும். உயிரோடிருப்பவருக்குச் சோறு இடக்கைப் பக்கம், சூப் வலக்கைப் பக்கம். இறந்தவருக்கு மாற்றி வைப்போம். கிண்ணங்கள் இடம் மாறினாலே பார்ப்பவர்களுக்கு விளங்கிவிடும்.

மல்சூன் வைத்தாள். சோறு இடப்பக்கம்.

"அம்மா, மாத்தி வைக்கணும்னு சொன்னேன்ல."

"கைப்பழக்கம்டீ. இன்னொரு தடவை எடு."

மறுபடியும் இடப்பக்கம். மூன்றாவது தடவையும் அப்படியே.

"அம்மாதான் டைரக்டர் போல, அக்கா" என்றான் ஹ்யோக்.

"நீ கேமராவப் பாரு, தம்பி" என்றாள் மல்சூன்.

"வெறும் படம்தானேம்மா" என்று தாஹே கெஞ்சினாள்.

"வெறும் படம்னா உனக்கு எதுக்குக் கண்ணு கலங்குது?" பிறகு மெதுவாக, "என் கை போகலடீ. வேணும்னா நீயே வை."

கேமரா ஓடிக்கொண்டிருக்க, தாஹே மேசைக்கு வந்தாள். இரண்டு கிண்ணங்களையும் தூக்கி, கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள். பிறகு சோற்றை வலப்பக்கமும் சூப்பை இடப்பக்கமும் வைத்தாள். அம்மாவை நிமிர்ந்து பார்க்கவில்லை.

மல்சூன் தடுக்கவில்லை. எழுந்து போய், அலமாரியிலிருந்து பித்தளை மூடியை எடுத்து வந்து சோற்றின் மேல் போட்டாள். படையலில் சோற்றைத் திறந்து வைப்பதுதான் வழக்கம். வீட்டுக்கு நேரங்கழித்து வருகிறவருக்குத்தான், ஆறிவிடாமலிருக்க மூடி போடுவோம்.

நான் அடுப்படி வாசலிலேயே நின்றுவிட்டேன்.

"இப்ப இதுக்கு என்னக்கா அர்த்தம்? நிறுத்தவா?" என்று ஹ்யோக் கிசுகிசுத்தான்.

"தெரியல. ஓடட்டும்" என்ற தாஹே, அம்மாவின் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள்.