குனியாத பெயர்

ஸ்டுடியோ முதலாளி குரமித்சு கத்தவில்லை. கத்தியிருந்தால் நடிகன் கென்னோசுகேயும் பதிலுக்குக் கத்தியிருப்பான்.

“வேற கம்பெனிப் படத்துல மீன் விக்கிறவனா நடிக்கப் போறியாமே? தாராளமாப் போ. வாளு, டோப்பா, பேரு, மூணும் நம்ம ஸ்டுடியோ சொத்து. வெச்சிட்டுப் போ.”

“பேருமா, முதலாளி?”

“இங்க வரும்போது தொகிச்சின்னுதானே வந்தே? கென்னோசுகே நான் வெச்ச பேரு. இல்லே, இந்தப் பாயில நெத்தி படக் குனிஞ்சு மன்னிப்புக் கேளு. பேரும் இருக்கும், நீயும் இருக்கலாம்.”

கியோட்டோவில் அந்தப் பெயருக்காகத்தான் வாள்சண்டைப் படங்களுக்குக் கொட்டகை நிரம்பியது. காய்ச்சலோடு குதிரை ஏறியவன் அவன். விலா எலும்பு விரிசல் விட்ட பிறகும் சண்டை போட்டவன் அவன். இந்த மனிதர் என்ன செய்தார்? ஒரு தாளில் தூரிகையால் பெயரை எழுதிக் கொடுத்தார், அவ்வளவுதான். குனியாமலே வெளியே வந்தான்.

மீன்காரன் வேடமும் கைக்கு வரவில்லை. முதலாளிகள் எல்லாம் கூட்டுக் களவாணிகள். ஒருவர் விரட்டிய நடிகனை இன்னொருவர் சேர்க்கமாட்டார். பழையபடி தொகிச்சியாகி, டெலிவிஷன் தொடர்களில் வெட்டுப்பட்டுச் சாகிற கொள்ளைக்காரனானான். அடுத்த வசந்தத்தில் ஊரெங்கும் போஸ்டர் ஒட்டினார்கள். பெயர், அதே ஹயாசே கென்னோசுகே. முகம் வேறு எவனுடையதோ.

டெலிவிஷன்காரர்கள் ஒருநாள் அவனை விரட்டிய அதே ஸ்டுடியோவின் தெரு செட்டை வாடகைக்கு எடுத்தார்கள். தொகிச்சி கழுத்தில் ரத்தச் சாயத்தோடு வாசலில் புகைத்துக்கொண்டிருந்தான்.

“கென்னோசுகே சார்!”

பெண்கள் கூட்டமாக ஓடிவந்தார்கள். அவன் கழுத்து தானாகத் திரும்பியது. அவர்கள் அவனைத் தாண்டிக்கொண்டு ஒரு காரை நோக்கி ஓடினார்கள். முதலாளிமேல்கூட வராத ஆத்திரம் அந்தக் கழுத்தின்மேல் வந்தது.

காரிலிருந்து இறங்கிய புது கென்னோசுகே இவனைப் பார்த்துவிட்டான். பெண்களை விலக்கிக்கொண்டு வந்து, இடுப்பு மடியக் குனிந்தான்.

“அண்ணே, மன்னிச்சிடுங்க. எனக்கு வேற பேரு குடுங்கன்னு எவ்வளவோ கெஞ்சினேன்…”

“நிமிருடா!”

தொகிச்சி போட்ட சத்தத்தில் பெண்கள் இரண்டடி பின்வாங்கினார்கள்.

“குனியமாட்டேன்னுதான்டா அந்தப் பேரையே விட்டுட்டு வந்தேன். அதை வெச்சிக்கிட்டு நடுத்தெருவுல குனியறியே, அதுவும் என்கிட்ட! வெக்கமா இல்லே?”

புதியவன் பதறி நிமிர்ந்தான். கோட்டுக் காலர் ஒருபக்கம் மடங்கிக் கிடந்தது. தொகிச்சி அதை வெடுக்கென்று இழுத்துச் சரிசெய்தான்.

உள்ளேயிருந்து தொகிச்சியைக் கூப்பிட்டார்கள். அடுத்த காட்சியில் அவன் சாக வேண்டும். போனான்.