மருந்து குடுத்த சித்தப்பா

“எங்கப்பனுக்கு என்னத்தக் குடுத்தீங்க சித்தப்பா? அத மட்டும் சொல்லுங்க, போதும்!”

ஷண்முகப்ரியா போட்ட சத்தத்தில் அரவேணு கடைவீதியில் டீ குடித்துக்கொண்டிருந்தவர்கள் டம்ளரும் கையுமாக நின்றுவிட்டார்கள். வாயில் இருப்பதை விழுங்குவதா, துப்புவதா என்று அவர்களுக்குத் தெரியவில்லை. எதிரே என் தையல் கடை. நான் எட்டிப் பார்க்கவில்லை. மெஷினைப் போட்டிருப்பதே அந்தப் பக்கம் பார்த்துத்தான்.

“கண்ணு, ஊட்டுக்குள்ள வந்து பேசு,” என்றார் டீ ஆற்றிக்கொண்டிருந்த கருப்புசாமி.

“ஊட்டுக்குள்ள என்ன? ஊரே போன்ல பாத்துருச்சு. தை மாசம் எனக்குக் கல்யாணம். அப்பன் எடத்துல நின்னு தாரை வார்க்கப் போறது நீங்க. அவரக் கொன்ன கையாலயா?”

விஷயம் இதுதான். கோயமுத்தூரிலிருந்து அஸ்வந்த் என்றொரு பையன் யூடியூபில் போட வெப் சீரிஸ் எடுக்க வந்தான். அண்ணனுக்கு விஷம் வைத்துவிட்டு அவன் சொத்தில் தம்பி உட்காருகிற கதை. “ராஜா காலத்து நாடகத்துல இருந்தே இந்தக் கதைதானுங்கக்கா. சிம்மாசனத்த எடுத்துட்டு டீக்கடைய வெச்சுட்டேன்,” என்றான், அண்ணனின் விதவையாக நடிக்கிற பெண்ணுக்கு ரவிக்கை தைக்கக் கொடுக்க வந்தபோது. தம்பி வேஷத்துக்குக் கருப்புசாமியையே பிடித்துப் போட்டான். முகம் தோதாக இருந்ததாம். கருப்புசாமியின் கடையே செத்துப்போன அவர் அண்ணன் எல்லப்பன் வைத்தது என்று அவனுக்குத் தெரியாது. எங்களுக்குத் தெரியும். கேட்டிருந்தால் சொல்லியிருப்போம்.

எழுதிக் கொடுத்த வசனம் கருப்புசாமி வாயில் நிற்கவில்லை. “உங்க பேச்சுலயே சொல்லுங்கண்ணா,” என்று விட்டுவிட்டான். அவர் கேமராவைப் பார்த்து, “எங்கண்ணனுக்கு மருந்து குடுத்தது நாந்தானுங்க. கடைசி மடக்கும் என்ற கையாலதான் குடிச்சாரு,” என்று சொல்லிவிட்டு அழுதார். நடிப்பென்று யாரும் நம்பவில்லை.

கேரட்டுக்கும் தேயிலைக்கும் பூச்சிமருந்து அடிக்கிற ஊர் இது. ‘மருந்து குடித்தான்’ என்றால் என்ன அர்த்தம் என்று கைக்குழந்தைக்கும் தெரியும். வீடியோ வந்த மறுநாளே பக்கத்து பேக்கரி அயூப், வர்க்கி பிஸ்கட்டைக் கையில் வைத்துக்கொண்டு, “மருந்து போடாம ஒரு டீ குடுங்க மாஸ்டர்,” என்றார். தமாஷுக்குத்தான். அதற்குள் பெண் காதுக்குப் போய்விட்டது.

“காமாலைக்குக் குடுத்த கீழாநெல்லி அது!” என்று கருப்புசாமியின் மனைவி மரகதம் பாய்ந்தாள். “அரைச்சு மோருல கலக்கிக் குடுத்தாரு. வேற ஆரு குடுத்தாலும் உன்ற அப்பன் வாயத் தொறக்க மாட்டாரு.”

“அப்புறம் எதுக்கு அழுதாரு?”

பின்வீட்டிலிருந்து வந்து நின்ற எல்லப்பன் பெண்சாதி மருதாம்பாள் சொன்னாள்: “பெரிய ஆஸ்பத்திரிக்குப் போலாமுன்னு நான் சொன்னேன். நாட்டு மருந்தே போதுமுன்னாரு உன்ற சித்தப்பன். அதுக்கு அழுதாரு.”

“இத்தன வருசமா ஏம்மா சொல்லல?”

“சொல்லியிருந்தா, அவரு கையில சோறு வாங்கித் தின்னுருப்பியா?”

கருப்புசாமி அடுப்பை அணைத்தார். “பொழைச்சுக்குவாருன்னுதான் நெனச்சேன் கண்ணு.”

அவள் பின்வீட்டுக்குப் போய்விட்டாள். கல்யாணம் வரைக்கும் சித்தப்பாவோடு பேச்சே இல்லை. மேட்டுப்பாளையத்து மண்டபத்தில் தாரை வார்க்கத் தாய்மாமன் தயாராகச் செம்பைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஐயர் கூப்பிட்டதும் பெண் வாயைத் திறந்தாள்: “எங்க சித்தப்பா வரட்டுமுங்க.” கருப்புசாமி வார்த்த அவசரத்தில் பாதித் தண்ணீர் மாப்பிள்ளை வேட்டியில். பக்கத்தில்தான் நின்றிருந்தேன், கல்யாணப் பெண்ணின் ரவிக்கை நான் தைத்ததல்லவா.

பெண் மன்னித்தாலும் கடைவீதி விடவில்லை. அந்த ‘மருந்து போடாத டீ’யை அயூபே கேட்பதை நிறுத்திய பிறகும், பஸ்ஸில் வந்து இறங்குகிறவனெல்லாம் கேட்டான். சித்திரையில் கருப்புசாமி கடையை அண்ணியிடம் விட்டுவிட்டு, மரகதத்தோடு ஓவேலிக்குப் போய்விட்டார். அங்கே எஸ்டேட் கேன்டீனில் டீ போடுகிறாராம். ஷண்முகப்ரியா மேட்டுப்பாளையத்தில் இருக்கிறாள். அஸ்வந்த், விதவை வேஷம் கட்டிய பெண்ணையே கல்யாணம் செய்துகொண்டான்.