நேரில் வர வேண்டியதில்லை

தாணுலிங்கம் கடைக்குள் நுழைந்தபோது அவருடைய இடது தோள் கதவு நிலையில் இடித்தது. அவர் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. தோளைத் தடவிக்கொண்டே வந்து செல்வலட்சுமியின் மேசைக்கு எதிரே உட்கார்ந்தார்.

"எம்மா, லைசென்ஸ் முடியப் போவுது. இன்னும் ஒம்பது நாள்தான் இருக்கு" என்றார்.

துறைமுக நகரத்தை ஒட்டிய புதுக்கோட்டை மெயின் ரோட்டில் செல்வலட்சுமி பத்து வருஷமாக ஆன்லைன் சென்டர் நடத்தி வந்தாள். ஆதார் திருத்தம், பட்டா, சாதிச் சான்றிதழ் என்று ஊரே அவளிடம்தான் வரும். தாணுலிங்கம் இரண்டு தெரு தள்ளிக் குடியிருப்பவர். ஐம்பத்து நாலு வயது. இருபத்தெட்டு வருஷமாக ஹார்பருக்குக் கன்டெய்னர் ஏற்றிப் போகும் டிரெய்லர் ஓட்டுகிறார். ஒரு வழக்கு கிடையாது, ஒரு கீறல் கிடையாது என்று அவரைப் பற்றி மற்ற டிரைவர்கள் சொல்லிக் கேட்டிருக்கிறாள்.

"ரெண்டு வழி இருக்கு அண்ணாச்சி. ஆர்.டி.ஓ. ஆபீசுக்கு நேர்ல போகலாம். இல்லன்னா இங்கன இருந்தே போட்டுரலாம். போட்டோ, கையெழுத்து, டாக்டர் சர்டிபிகேட். கார்டு வீட்டுக்கே வந்துரும்."

"நேர்ல போவாண்டாமுல்லா?"

"வேண்டாம்."

"அவிய கூப்பிட மாட்டாவளே?"

"எல்லாம் சரியா இருந்தா எதுக்குக் கூப்பிடப் போறாவ?"

அவர் தலையை ஆட்டினார். "போன மாசம் நம்ம கூட ஓட்டுத விஜயராஜ் நேர்ல போனாம்மா" என்றார். "கண் டாக்டர்ட்ட எழுதி வாங்கிட்டு வான்னு திருப்பி அனுப்பிட்டாவ. கண் டாக்டர் மெஷின்ல வச்சுப் பாத்துட்டு ஓட்டவே கூடாதுன்னு சொல்லிட்டாரு. இப்ப கன்டெய்னர் யார்டு வாசல்ல வாட்ச்மேனா ஒக்காந்திருக்கான்."

செல்வலட்சுமி இழுப்பறையைத் திறந்து ஒரு படிவத்தை எடுத்தாள். அதில் டாக்டர் அற்புதமணியின் கையெழுத்தும் முத்திரையும் ஏற்கனவே இருந்தன. அற்புதமணிக்கு எழுபத்தெட்டு வயது. காலையில் இரண்டு மணி நேரம் மட்டும் உட்காருவார். ஒவ்வொருத்தராக அனுப்பித் தொந்தரவு செய்யாதே, நீயே ஆளைப் பார்த்து நிரப்பிக்கொள் என்று சொல்லி, கையெழுத்துப் போட்ட படிவங்களை ஒரு கட்டாகக் கொடுத்து வைத்திருந்தார். ஆரம்பத்தில் அவளுக்குக் கொஞ்சம் உறுத்தியது. பிறகு பழகிப்போனது.

"நல்ல வெளிச்சத்துல இருபத்தஞ்சு மீட்டர் தூரத்துல நிக்கிற வண்டி நம்பரைப் படிக்க முடியுதா?" என்று படிவத்தைப் பார்த்துக் கேட்டாள்.

தாணுலிங்கம் திரும்பி வாசலுக்கு வெளியே பார்த்தார். ரோட்டுக்கு எதிர்ப்பக்கம் நின்ற மினி லாரியின் நம்பரை ஒரு தடங்கலும் இல்லாமல் படித்தார். அதன் கதவில் பொடி எழுத்தில் இருந்த ஓனர் பெயரையும் போன் நம்பரையும் சேர்த்துப் படித்தார். செல்வலட்சுமியால் அந்தப் பெயரைக்கூடப் படிக்க முடியவில்லை.

"உங்களுக்கு என்ன அண்ணாச்சி, கழுகுக் கண்ணு" என்று சிரித்தாள். அவரும் சிரித்தார். அன்றைக்கு அவர் சிரித்தது அந்த ஒரு தடவைதான்.

அந்த நேரத்தில் பக்கத்துக் கடையிலிருந்து டீ வந்தது. அவருடைய கிளாசை மேசையின் இடது ஓரத்தில், அவர் முழங்கைக்குப் பக்கத்தில் வைத்தாள். அவர் கையெழுத்துப் போடப் பேனாவுக்குக் கையை நீட்டினார். கிளாஸ் உருண்டு அவர் வேட்டியெல்லாம் டீ. சூடு பட்ட பிறகுதான் அவர் குனிந்து பார்த்தார்.

"இது எப்ப வச்ச?"

"இப்பத்தான அண்ணாச்சி. உங்க முன்னாலதான வச்சேன்."

"கவனிக்கல."

அவர் கர்சீப்பால் தொடையைத் துடைத்தார். செல்வலட்சுமி அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஏதோ ஒரு யோசனையில், மெதுவாகத் தன் வலது கையை உயர்த்தி, அவருடைய இடது காதுக்கு நேராக விரல்களை அசைத்தாள். அவர் துடைத்துக்கொண்டே இருந்தார்.

"அண்ணாச்சி, ஒரு தடவ கண்ணைக் காட்டிருவோமா? பொறவு போடுவோம்."

தாணுலிங்கம் நிமிர்ந்தார். அவர் குரல் இறங்கியிருந்தது.

"எம்மா, எனக்கு வேற தொழில் தெரியாது. நீ போடு."

போட்டாள். அவர் போனுக்கு வந்த ஓ.டி.பி. எண்ணை அவரே படித்துச் சொன்னார். திரையில் பச்சை நிறத்தில், விண்ணப்பம் ஏற்கப்பட்டது, நேரில் வர வேண்டியதில்லை என்று வந்தது. அதை அவர் இரண்டு முறை வாய்விட்டுப் படித்தார்.

பத்துப் பன்னிரண்டு நாளில் கார்டு தபாலில் வந்துவிட்டது. அதைக் காட்டுவதற்காகவே கடைக்கு வந்தார். இனிப்புக்கு ஒரு பொட்டலம் மக்ரூன் வாங்கி வந்திருந்தார். படியேறும்போது, ஓரமாக நிறுத்தியிருந்த அவளுடைய ஸ்கூட்டரில் இடித்து அதைக் கீழே தள்ளினார். இரண்டு பேரும் சேர்ந்து தூக்கி நிறுத்தினார்கள். வாய் ஓயாமல் மன்னிப்புக் கேட்டார். பட்டப்பகல், சிவப்பு ஸ்கூட்டர். செல்வலட்சுமி மக்ரூன் பொட்டலத்தைப் பிரிக்காமலே மேசையில் வைத்தாள்.

அதற்குப் பிறகு ரோட்டில் டிரெய்லர் போகும் சத்தம் கேட்டால் தலையை நிமிர்த்திப் பார்க்கும் பழக்கம் அவளுக்கு வந்தது. பார்த்து என்ன செய்யப்போகிறோம் என்று அவளுக்கே தெரியாது. அவர் வீடு இரண்டு தெரு தள்ளித்தான். போய்ச் சொல்லலாம். நாளைக்குப் போகலாம், ஞாயிற்றுக்கிழமை போகலாம் என்று இரண்டு மாதம் ஓடியது.

தை மாதம் ஒரு வெள்ளிக்கிழமை காலை, ஹார்பர் பக்கம் ஒரு ஏஜென்ட் ஆபீசில் காகிதம் கொடுக்க ஸ்கூட்டரில் போனாள். மணி ஒன்பது இருக்கும். இரண்டு பக்கமும் உப்பளம். புதிதாகப் பாத்தி கட்டி, தண்ணீர் விட்டிருந்தார்கள். ரோடு இடது பக்கம் வளையும் இடத்துக்குக் கொஞ்சம் முன்னால், அவளுக்கு வலப்பக்கத்தில் ஒரு டிரெய்லர் ஒட்டி வந்தது. இன்டிகேட்டர் போட்டிருந்தது. வேகமும் இல்லை. அவள் ஹாரன் அடித்துக்கொண்டே முன்னால் போக முயன்றாள். கேபினுக்கு நேராக வந்ததும் மேலே பார்த்தாள்.

தாணுலிங்கம் கண்ணாடியைப் பார்க்கத் தலையைத் திருப்பினார். அவருடைய பார்வை ஒரு நொடி அவள் மேலேயும் பட்டு, தாண்டிப் போனது. முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. வெறும் ரோட்டைப் பார்க்கிற முகம். பிறகு நிதானமாக ஸ்டியரிங்கை இடது பக்கம் ஒடித்தார்.

கன்டெய்னர் அவள் மேல் சாய்வதுபோல் வந்தது. ஸ்கூட்டரோடு ரோட்டை விட்டு இறங்கி, உப்பளக் கரைச் சேற்றில் விழுந்தாள். பின் சக்கரங்கள் அவள் காலுக்கு ஒரு முழம் தள்ளி, ஒன்றன்பின் ஒன்றாக உருண்டு போயின. வண்டி வளைவில் திரும்பியது, இன்டிகேட்டர் அணைந்தது, தன் பாட்டுக்குப் போய்விட்டது.

முழங்காலில் மட்டும்தான் காயம். எழுந்திருக்கக் கொஞ்ச நேரம் ஆயிற்று. அவருடைய நம்பருக்கு அடித்தாள், எடுக்கவில்லை. மறுபடி அடித்தாள். வண்டி ஓட்டும்போது அவர் போனைத் தொட மாட்டார் என்று நினைவு வந்தது. அவ்வளவு ஒழுங்கான டிரைவர்.

ஸ்கூட்டரைத் திருப்பிக்கொண்டு நேராக அவர் வீட்டுக்கே வந்தாள். சேறு காய்ந்த சேலையோடு வாசலில் நின்றவளைப் பார்த்து அவர் மனைவி செல்லத்தாய் பதறிவிட்டாள்.

"ஏளா, என்ன கோலம் இது? எங்கன விழுந்த?"

"மைனி, அண்ணாச்சிக்குக் கண்ணு எப்படி இருக்கு?"

செல்லத்தாய் நடைப்படியிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"சோத்துத் தட்டுக்குப் பக்கத்துல தண்ணிச் செம்பு இருந்தா தட்டி விட்டுருதாவ. பேத்தி பக்கத்துல வந்து நின்னாத் தெரியல, மிதிச்சிருதாவ. நானும் மாசக்கணக்காச் சொல்லிக்கிட்டுத்தான் இருந்தேன். கார்டு வந்ததுக்குப் பொறவுதான் எனக்கு நிம்மதி. சர்க்காரே பாத்து, கண்ணு சரியா இருக்குன்னுதான குடுத்திருக்கு? நாம என்ன டாக்டரான்னு விட்டுட்டேன்."

"யாரும் பாக்கல மைனி."

"என்ன சொல்லுத?"

"யாருமே பாக்கல. டாக்டரும் பாக்கல, ஆபீசுலயும் பாக்கல. நான்தான் பாத்தேன். பாத்துட்டும் போட்டுக் குடுத்துட்டேன்."

செல்லத்தாய் அவளைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். உள்ளே போய்ப் போனை எடுத்து வந்து கணவருக்கு அடித்தாள். நாலாவது தடவை அவர் எடுத்தார். ஹார்பர் கேட்டுக்கு வெளியே வரிசையில் நிற்பதாகவும், உள்ளே விட மதியம் ஆகும் என்றும் சொன்னார்.

"வண்டிய எடுக்காதீய. அங்கனயே நில்லுங்க. நாங்க வாரோம்" என்றாள் செல்லத்தாய். ஏன் என்று அவர் கேட்டதற்கு, "வந்து சொல்லுதேன்" என்று வைத்துவிட்டாள்.

அவர்கள் பைபாஸ் வழியாகப் பஸ்ஸில் போய்ச் சேரும்போது பதினொன்றரை. மதில் ஓரமாக டிரெய்லர்கள் நீளமாக நின்றிருந்தன. தாணுலிங்கம் கேபினிலிருந்து இறங்கி, வலது பக்க நிழலில் நின்று பீடி குடித்துக்கொண்டிருந்தார். மனைவியும் செல்வலட்சுமியும் சேர்ந்து வருவதைக் கண்டதும் பீடியைக் கீழே போட்டார்.

"அண்ணாச்சி, காலைல உப்பளத்து வளைவுல என்னை ரோட்டை விட்டு இறக்கிட்டியளே, தெரியுமா?"

"உன்னையா?"

"ஹாரன் அடிச்சேன். நீங்க என் மூஞ்சியையே பாத்தீய."

அவர் அவள் சேலைச் சேற்றையும் முழங்கால் பக்கம் படிந்திருந்த ரத்தத்தையும் பார்த்தார். "நான் யாரையும் பாக்கலியே" என்றார்.

செல்லத்தாய் வண்டியைச் சுற்றிக்கொண்டு மதில் பக்கம் போனாள். வண்டிக்கும் மதிலுக்கும் நடுவில் ஒரு ஆள் நுழையும் அளவுதான் இடம். அந்தப் பக்கத்திலிருந்து அவள் குரல் வந்தது.

"இங்கன வாங்க."

முன் சக்கரத்துக்கு மேலே, படிக்கட்டின் இரும்பில் ஒரு மஞ்சள் துணிப்பை கிழிந்து தொங்கியது. அதற்குள் ஒரு எவர்சில்வர் தூக்குவாளி, மூடி கழன்று, உள்ளே பழைய சோறு. பக்கத்தில் சைக்கிள் ஹேண்டில் கைப்பிடியின் கறுப்பு ரப்பர் ஒன்று இரும்பில் செருகிக்கொண்டு நின்றது. படிக்கட்டுக்குக் கீழே காய்ந்த ரத்தம்.

செல்வலட்சுமியிடம் துணிப்பை இல்லை. சைக்கிளும் இல்லை.

தாணுலிங்கம் குனிந்து, முகத்தை அதற்கு நேராகக் கொண்டுபோய்ப் பார்த்தார். அந்தத் தூக்குவாளியில் பொறித்திருந்த பெயரை வாசித்தார். "பேச்சி" என்றார். மறுபடி, "பேச்சின்னு போட்டிருக்கு" என்றார். பிறகு தரையிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"எங்கன பட்டுச்சுன்னு எனக்குத் தெரியலியே செல்லம். ஒரு சத்தங்கூடக் கேக்கலியே."

அவரை அங்கேயே விட்டுவிட்டுப் போக முடியவில்லை. ஒரு ஆட்டோ பிடித்து, மூன்று பேரும் டிரெய்லர் வந்த வழியே திரும்பினார்கள். மெதுவாகப் போகச் சொல்லி, ரோட்டின் வலது ஓரத்தையே பார்த்துக்கொண்டு வந்தார்கள். செல்வலட்சுமி விழுந்த வளைவு இன்னும் வரவில்லை. அதற்கு ஒரு கிலோமீட்டர் முன்னாலேயே, உப்பளத்துக்கு இறங்கும் பாதை முனையில் ஒரு கூட்டம் நின்றது. நசுங்கிய சைக்கிளைத் தூக்கி வரப்பில் சாய்த்திருந்தார்கள். ஒரு போலீஸ்காரர் எழுதிக்கொண்டிருந்தார்.

"ஆளு இருக்கா?" என்று செல்லத்தாய் ஆட்டோவிலிருந்தே கேட்டாள்.

"ஆம்புலன்ஸ்ல போயாச்சு. உசுரு இருக்கு. காலுதான்..." என்று ஒரு பெண் சொன்னாள். "எந்தப் பாவி இடிச்சானோ, நிக்கவே இல்ல."

தாணுலிங்கம் ஆட்டோவிலிருந்து இறங்கினார். வரப்பில் கால் தடுக்கியது. செல்லத்தாய் அவர் இடது கையைப் பிடித்துக்கொண்டாள். அவர் போலீஸ்காரர் முன்னால் போய் நின்று, "ஐயா, அது நான்தான்" என்றார்.

பேச்சி பிழைத்துக்கொண்டாள். நாற்பத்தாறு வயது, உப்பு வாருகிறவள். வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுக்க வேண்டியதாயிற்று. தாணுலிங்கத்தை அதே ஆஸ்பத்திரியின் கண் பிரிவில் சோதித்தார்கள். கண்ணுக்குள் அழுத்தம் கூடி, பக்கப் பார்வை முழுக்கப் போய்விட்டது, ஒரு குழாய் வழியாகப் பார்ப்பதுபோல்தான் இவர் பார்க்கிறார், போனது திரும்பாது என்று டாக்டர் சொன்னார். நேராக வைத்திருந்த எழுத்துப் பலகையில் கடைசி வரி வரைக்கும் அவர் படித்தார். அவர் மேல் வழக்குப் பதிவானது. லைசென்சை அவரே கொண்டுபோய் ஒப்படைத்தார்.

அதற்கு மறுநாள் செல்வலட்சுமி கடையைத் திறக்கவில்லை. மீதியிருந்த கையெழுத்துப் படிவங்களை ஒரு உறையில் போட்டு எடுத்துக்கொண்டு ஆர்.டி.ஓ. ஆபீசுக்குப் போனாள். இத்தனை வருஷத்தில் அவள் அந்த ஆபீஸ் படியேறுவது அதுதான் முதல் தடவை. மோட்டார் வாகன ஆய்வாளர் அவள் வயதுதான் இருப்பார், பெண். அவள் சொன்னதையெல்லாம் குறுக்கே பேசாமல் கேட்டார். உறையிலிருந்த படிவங்களை மேசையில் பரப்பி, எல்லாவற்றிலும் ஒரே கையெழுத்து இருப்பதைப் பார்த்தார்.

"இந்த ஒருத்தருக்கு மட்டும்தான் இப்படிப் போட்டீங்களா?"

செல்வலட்சுமி கடைக் கம்ப்யூட்டரில் இருந்ததை முந்தின நாள் ராத்திரியே எண்ணியிருந்தாள்.

"அறுபத்து மூணு பேரு மேடம். எல்லாம் நாப்பது வயசுக்கு மேல. லாரி, டேங்கர், ஸ்கூல் வேன்."

ஆய்வாளர் சட்டென்று எழுந்தார். "நம்பர் எல்லாம் இருக்கா?"

"இருக்கு."

"வெளிய பெஞ்சுல உக்காந்து ஒவ்வொருத்தரா கூப்பிடுங்க. இன்னைக்கே நேர்ல வரச் சொல்லுங்க. நான் இங்கேர்ந்து நோட்டீஸ் போடுறேன். உங்க மேல என்ன நடவடிக்கைங்கிறது பிறகு."

அவள் வராந்தா பெஞ்சில் உட்கார்ந்து முதல் நம்பரை அடித்தாள். அது அணைத்து வைத்திருந்தது. இரண்டாவது நம்பர் ஆறுமுகநேரியில் பள்ளிக்கூட வேன் ஓட்டும் நயினாருடையது. மணி மூன்றே முக்கால். இரண்டு ரிங்கிலேயே எடுத்தார். இன்ஜின் சத்தத்துக்கு மேலே பிள்ளைகளின் கூச்சல் கேட்டது.

"யாரும்மா? சத்தமாப் பேசு, வண்டில இருக்கேன்."

செல்வலட்சுமி எழுந்து நின்றுவிட்டாள்.

"அண்ணாச்சி, வண்டிய ஓரமா நிறுத்துங்க. முதல்ல நிறுத்துங்க" என்றாள்.