றஸீனாவின் கலியாணமும் சிரட்டை ஆமையும்

உதயரூபன் வாத்தியாரின் மகள் தனுஷியா போன் எடுத்த நாளிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

கிரானைச் சேர்ந்த அந்த வாத்தியார் ஒரு காலத்தில் சிரட்டையில் ஆமை செய்து, தானே குரல் கொடுத்து, டிவியில் சிறுவர் நிகழ்ச்சி நடத்தியவர். மொத்தம் பதின்மூன்று பாகம். நிலையத்தில் ஒன்றுமே மிஞ்சவில்லையாம். பழைய சிறுவர் நிகழ்ச்சிகளைத் தேடி இணையத்தில் சேர்த்து வைக்கிறவர்கள் ஊர் ஊராக வீடியோ கசட் கேட்டுப் பன்னிரண்டைப் பிடித்துவிட்டார்கள். ஆமை வீடு திரும்பும் கடைசிப் பாகம்தான் எங்கும் இல்லை. அது ஸஹீதா வீட்டில், அதாவது என்னிடம், பத்திரமாகக் கிடக்கிறது என்று வாத்தியார் சொல்லியிருக்கிறார்.

கிடந்ததுதான். என் கணவர் முத்தலிப் சவூதியிலிருந்து கொண்டுவந்த வீடியோ டெக்கில் பதின்மூன்றையும் வாத்தியாரே பதிந்த கசட் அது. தொண்ணூறில் கலவரம் வந்து தமிழ், முஸ்லிம் என்று இரண்டு பக்கத்துச் சனமும் பிரிந்தபோது, "உங்கட சொல்லில சொன்னா இது அமானிதம், தங்கச்சி" என்று சொல்லி, திருப்பிக் கேட்கும்வரை காக்கும்படி என் கையில் தந்துவிட்டுப் போனார். மேலே ஒன்றும் பதியாமலிருக்க, கசட்டின் பின்பக்கத்துச் சின்னத் துண்டையும் உடைத்துத்தான் தந்தார்.

மூன்று வருடம் கழித்து என் தங்கை றஸீனாவுக்குக் கலியாணம். வீடியோக்காரரிடம் கசட் இல்லை, கடைகளிலும் இல்லை. அந்த அவசரத்தில் உடைந்த இடத்தில் டேப் ஒட்டி, அதையே எடுத்துக் கொடுத்துவிட்டேன். என் கணவர் கண்ணை மூடி மௌத்தாகும்வரை அவருக்கும் சொல்லவில்லை.

சனிக்கிழமை காலை தகப்பனும் மகளும் ஒரு பழைய டெக்கோடு வந்தார்கள். கசட்டை மேசையில் வைத்தேன்.

"வாத்தியாரண்ணன், உங்கட அமானிதத்த நான் அழிச்சிட்டன். றஸீனாட கலியாணத்த அதுக்கு மேல எடுத்தாச்சு."

வாத்தியார் கசட்டைத் திருப்பி, நான் ஒட்டிய டேப்பைப் பெருவிரலால் தடவினார்.

"துண்ட உடைச்சா ஆராலயும் அழிக்கேலா எண்டு நினைச்சன். உன்ன நினைக்கல்ல." பிறகு மகளைப் பார்த்தார். "போடு பிள்ள. கலியாணத்துக்குத்தான் வரக் கிடைக்கல்ல. இப்பயாவது பாப்பம்."

படத்தில் ஆண்கள் சஹன் தட்டைச் சுற்றி இருந்து ஒன்றாகத் தின்றார்கள். நெடுநேரம் தின்றார்கள். பிறகு மாப்பிள்ளையை மணவறைக்குக் கூட்டிப் போனார்கள். உள்ளே பெண்களின் குரவை கேட்டது. கமறாவும் பின்னால் போக, என் வாப்பா குறுக்கே வந்தார். பெண்கள் பக்கம் கமறா வரக்கூடாது என்று அவர் நீட்டிய உள்ளங்கை படத்தை மூடியது.

தன் முகமே இல்லாத கலியாண வீடியோ என்று றஸீனா முப்பது வருடமாக வாப்பாவோடு கோபம். அந்தக் கை வந்ததும் டெக்கை நிறுத்திவிடுவது எங்கள் வீட்டு வழக்கம். அன்றும் என் கை தானாக நீண்டது.

"பொறு," என்றார் வாத்தியார்.

கோடுகள் துள்ளின. திரை வெளுத்தது. பிறகு டொக், டொக் என்று சிரட்டை ஆமை நடந்து வந்தது.

பதினோராம் பாகத்தின் நடுவிலிருந்து எல்லாம் இருந்தது. பதின்மூன்றாவது முழுதாக. ஆமை வாவிக்கரையில் தன் வீட்டுக்குள் நுழையும் வரை வாத்தியாரின் உதடுகள் கூடவே அசைந்தன.

இணையத்தில் ஏற்றும்போது எங்கிருந்து வெட்டுவது என்று தனுஷியா கேட்டாள்.

"அந்தக் கையில இருந்து தொடங்கு," என்றார். "அது இல்லாட்டி ஆமையே இல்ல."

றஸீனாவுக்குப் போன் பண்ணிச் சொன்னேன். தன் மாப்பிள்ளை தின்னுகிறதை மட்டும் போட்டுவிட வேண்டாம் என்றாள்.

அன்று பகல் நான் இரண்டாம் தரமும் சோறு போட்டுத் தின்றேன்.