உயிரோடு இருப்பவர்களுக்கு அத்தியாயம் கிடையாது

1

இந்தக் கதை ஒட்டுக்கேட்டதில் பிறந்தது. ஆஸ்திரேலியாவின் ஹோபார்ட் துறைமுகத்தில், மாவுக்குள் இறைச்சி வைத்துச் சுடும் 'பை' (pie) விற்கும் கடையில் ஒரு கிழவரும் கிழவியும் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள்.

"அப்போ நான் செத்தாத்தான் படிக்கலாமா?"

"செத்தா எப்படிப் படிப்ப?"

"அதைத்தான்யா நானும் கேக்கறேன்!"

எனக்குக் கிடைத்தது இவ்வளவுதான். மீதியெல்லாம் என் சொந்தச் சரக்கு.

2

குளிர்ந்த காலை ஒன்றில், முதுபெரும் பேராசிரியர் மெர்வின் ஹாஸ்கெட் தமது

(வேண்டாம். 'முதுபெரும்' என்றாலே இரங்கல் கூட்ட வாடை அடிக்கிறது.)

நேராகச் சொல்கிறேன். அரசியல், பொருளாதாரச் சிந்தனைகளின் வரலாற்றை மெர்வின் மூன்று தடித்த தொகுதிகளாக எழுதியிருக்கிறார். யார் எதை முதலில் நினைத்தார், யார் யாரிடமிருந்து சுட்டார் என்பதெல்லாம் அதில் உண்டு. அவருக்கு ஒரே விதி: செத்தவர்களுக்குத்தான் அத்தியாயம். உயிரோடிருப்பவர் நாளைக்கே மனசை மாற்றிக்கொண்டால் எழுதியதெல்லாம் கோவிந்தா.*

* மூன்றாம் தொகுதியில் ஒருவருக்கு மட்டும் விலக்குக் கொடுத்தார். புத்தகம் அச்சில் இருக்கும்போதே அந்த மனிதர் எதிர் முகாமுக்குத் தாவிவிட்டார்.

கிழவியின் பெயர் நெரிடா. பொருளாதார அறிஞர். அலுவலக வாசல்களில் ஏழைகள் காத்துக் கிடக்கும் நேரமும் அவர்கள் கட்டும் வரிதான், அரசாங்கம் அதைக் கணக்கில் எடுக்க வேண்டும் என்று எழுதிப் பேர் வாங்கியவர். மெர்வின் அதை மேடைக்கு மேடை கிண்டலடித்தார். நெருங்கிய நண்பர் என்பதால்தான் அது அவ்வளவு வலித்தது. இப்போது நெரிடாவுக்கு உடம்பு சரியில்லை. மெர்வின் நான்காவது, கடைசித் தொகுதியை எழுதிக்கொண்டிருக்கிறார். இந்த ஆள் தன்னைப் பற்றி உண்மையில் என்ன நினைக்கிறார் என்று கண்ணை மூடுவதற்குள் நெரிடாவுக்குத் தெரிந்தாக வேண்டும்.

3

எழுத்தாளனுக்கு இதில் சுலபமான வழி ஒன்று இருக்கிறது. நெரிடாவை ஒரே வரியில் கொன்றுவிடலாம். எழுதியும் பார்த்தேன்.

மறுநாள் நெரிடா

அடுத்த சொல் வரவில்லை. எனக்கு அவரைப் பிடித்துப்போய்விட்டது. மெர்வினுக்கும் இதே கோளாறுதான் என்று நினைக்கிறேன். ஆகவே விதியை வளைத்தேன். அடுத்த வாரம், அதே கடையில், மெர்வின் ஒரு கத்தைத் தாளை மேசைமேல் போடுகிறார்.

"இந்தா, உன் அத்தியாயம். வெளிய சொல்லிடாத, மானம் போயிடும்."

"திட்டியிருக்கியா?"

"அம்மா தாயே, படிச்சுப் பாரு. ஆனா நான் எதிர்ல இருக்கறப்ப வேணாம். பை வாங்கிட்டு வரேன்."

"வரிசை வாசல் வரைக்கும் நிக்குதே."

"நிக்கட்டும். நானும் கொஞ்சம் வரி கட்டறேன்."

4

நெரிடா படிக்கிறார். அவர் சொன்னதுதான் சரி என்று மெர்வின் எழுதியிருக்கிறார். பொறாமையில் கிண்டல் செய்தேன், நேரில் ஒப்புக்கொள்ளத் தைரியம் இல்லாமல் விதியின் பின்னால் ஒளிந்துகொண்டேன் என்றும் எழுதியிருக்கிறார்.

நெரிடா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொள்கிறார். இங்கே முற்றுப்புள்ளி வைத்திருக்கலாம்.

(இனி வருவது நான் திட்டமிட்டதல்ல. சத்தியமாக.)

நெரிடா அந்தக் கருத்தைக் கைவிட்டுப் பல மாதங்கள் ஆகின்றன. சிகிச்சைக்காக மருத்துவமனை பெஞ்சில் காத்துக் கிடந்தபோது ஒரு லாரிக்காரரும் ஒரு மீனவரின் மனைவியும் அவருக்குச் சிநேகமானார்கள். அங்கே சிரித்த சிரிப்பை அவர் வேறெங்கும் சிரித்ததில்லை. காத்திருப்பதெல்லாம் இழப்புதான் என்று அடித்துச் சொன்னது தப்பு என்று புதிதாக ஒரு கட்டுரை எழுத ஆரம்பித்திருக்கிறார். மெர்வினுக்கு இது தெரியாது.

5

சொன்னால், அத்தியாயம் போச்சு. கிழவர் வாழ்நாளில் கேட்ட ஒரே மன்னிப்பும் குப்பைக்குப் போகும்.

சொல்லாவிட்டால், நெரிடாவே நம்பாத ஒன்று அவர் பெயரில் நூலகங்களில் நிற்கும். உண்மைக்காக ஊரையே பகைத்துக்கொண்ட பெண் அவர்.

(வரிசை நகரவே இல்லை என்று எழுதலாமா? அது ஏமாற்று வேலை.)

மெர்வின் பைகளோடு வந்துவிட்டார். உட்காரவில்லை. நெரிடாவின் முகத்தையும் பார்க்கவில்லை.

"என்ன, மாத்த வேண்டியது ஏதாவது இருக்கா?"

நெரிடா வாயைத் திறக்கிறார்.

எனக்கு இரண்டு பேரையுமே பிடிக்கும். அதனால் அடுத்த வரியை என்னால் எழுத முடியாது. நீங்கள் சொல்லுங்கள். சீக்கிரம், அவர் நின்றுகொண்டே இருக்கிறார்.